நீக்கல் கடிதம்

“ஒண்ணு சொல்றேன், யார்கிட்டயும் மூச்சு விடாதே” என்றார், சர்வே ஆபீஸில் படம் வரையும் கணவர்.

மனைவி துணி மடித்துக்கொண்டே காது கொடுத்தாள்.

“நான் ஒரு ரகசியச் சங்கத்துல இருக்கேன். நாம பார்க்கிற உலகத்துக்கு அடியில வேற ஒரு அமைப்பு இருக்கு. அதைத்தான் இருபது வருஷமா வரைபடமா போடுறோம். வெளியில சொன்னா நீக்கிடுவாங்க. அந்த வேலை போச்சுன்னா நான் நடைப்பிணம்தான்.”

“பின்ன ஏன் சொன்னீங்க?”

“உன்கிட்ட மறைச்சு மறைச்சு மனசு அலுத்துப்போச்சு.”

அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

மறுவாரம் தபாலில் கடிதம் வந்தது. அவரைச் சங்கத்திலிருந்து நீக்கியிருந்தார்கள். அவர் வரைந்த தாள்களையெல்லாம் ஓர் ஆள் வந்து கட்டிக்கொண்டு போனான். காலி மேசை முன்னால் இடிந்துபோய் உட்கார்ந்தார்.

“உன்கிட்ட மட்டும்தானே சொன்னேன். வாய் தவறி யார்கிட்டயாவது...?”

“சத்தியமா யார்கிட்டயும் சொல்லலைங்க.”

அது உண்மைதான். யாரிடமும் அவள் சொல்லத் தேவையிருக்கவில்லை. சங்கத்தில் ஒருவரும் முகம் பார்த்திராத தலைவர் அவள்தான். அந்த விதியை எழுதியவளும், கடிதத்தை டைப் அடித்தவளும் அவள்தான்.

‘நானும்தாங்க’ என்று ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். அவருக்கு வந்த துணிச்சல் அவளுக்கு வரவில்லை.