சிப்பி மேல் சீஸ்

"சிப்பி மேல யாராவது சீஸ் தூவினீங்க, அந்தா இருக்கு வாசல், கிளம்பிட்டே இருக்கலாம்!"

அசுந்தா கரண்டியை நீட்டிச் சொன்னதும், டூரினிலிருந்து தேனிலவுக்கு வந்திருந்த இலாரியா, சீஸ் கட்டியை நோக்கி நீட்டிய கையைச் சட்டென்று பின்னுக்கு இழுத்துக்கொண்டாள். புருஷன் ஈவோ சிரிப்பை அடக்கிக்கொண்டான்.

பொத்சுவோலி மீன்பிடித் துறைக்கு மேலே, மாடியில் அசுந்தாவின் வீடு. நேப்பிள்ஸ் பக்கம் ஊர் சுற்ற வருகிறவர்களுக்குத் தன் அடுக்களையிலேயே சமையல் சொல்லிக்கொடுக்கிறார். சமையலோடு திட்டும் தாராளமாகக் கிடைக்கும். இதுவரை யாரும் கோபித்துக்கொண்டு போனதில்லை.

அன்று மூன்றே பேர். மூன்றாமவர் நுன்சியோ, அர்ஜென்டினாவிலிருந்து வந்தவர், பாதித் தலை நரைத்தவர். வந்ததிலிருந்து நிமிர்ந்து பார்க்காமல் பாஸ்தாவுக்கு மாவு பிசைந்துகொண்டிருந்தார்.

"ஏங்க அர்ஜென்டினாக்காரரே, மாவைத் தடவிக் கொடுக்கறீங்களே, அதென்ன பூனைக்குட்டியா? உள்ளங்கையால அழுத்துங்க!"

"சரிங்க."

"வீட்டுல சமைச்சதே இல்லையா?"

"இல்லைங்க. சின்ன வயசுல ஆக்கிப் போட ஆள் இருந்தாங்க. அப்புறம் ஓட்டல் சாப்பாடுதான்."

இலாரியாவுக்கு வாய் சும்மா இருக்காது. "இப்ப மட்டும் என்ன திடீர்னு ஆசை வந்துச்சு?"

நுன்சியோவின் கை நின்றது. "எங்க அக்காவுக்குச் செஞ்சு போடணும். நான் பொறந்து வளர்ந்தது இந்தப் பக்கம்தான். அக்கா இப்ப என்கூடப் பேசறதில்ல. என் குரலைக் கேட்டாலே போனை வெச்சிடறா. என் கையால செஞ்சதை ஒரு வாய் சாப்பிட்டான்னா போதும், மன்னிச்சிட்டான்னு எடுத்துக்குவேன்."

"சாப்பிடலைன்னா?"

"நாளைக்கு விமானம் ஏறிடுவேன். இனிமே இந்தப் பக்கம் வரமாட்டேன்."

"அப்படி என்ன பண்ணிட்டீங்க?"

அசுந்தா அடுப்புப் பக்கம் திரும்பி, எண்ணெயில் பூண்டைப் போட்டார்.

"எங்கப்பா சாகக் கிடந்தார். வாடா, வாடான்னு அக்கா போன் மேல போன் போட்டா. எனக்கும் அப்பாவுக்கும் ஆகாது. வீம்பு. சாவுக்கும் வரல. சவப்பெட்டி தூக்க அக்கா வீடு வீடாப் போய் ஆள் கூப்பிட்டிருக்கா. பையன் நான் ஒருத்தன் இருந்தும்."

இலாரியா ஏன் கேட்டோம் என்று உதட்டைக் கடித்துக்கொண்டாள்.

"சிஞோரா, பூண்டு கருகுது!" என்றான் ஈவோ.

அசுந்தா வாணலியைப் படாரென்று இறக்கி வைத்தார். "கதை சொல்லி என் பூண்டைக் கருக்கிட்டீங்களே!" என்று நுன்சியோ மேல் பாய்ந்தார். அசுந்தா பூண்டைக் கருகவிட்டு அந்த அடுக்களை பார்த்ததே இல்லை.

வேறு பூண்டு வதக்கி, சிப்பிகளைக் கொட்டி, ஒயின் ஊற்றி மூடினார்கள். சற்று நேரத்தில் சிப்பிகள் பட்பட்டென்று வாய் திறந்தன. ஒன்று மட்டும் இறுக மூடிக் கிடந்தது.

"அதை எடுத்து வீசுங்க. வாய் திறக்காத சிப்பி சாப்பிட ஆகாது," என்றார் அசுந்தா.

"இன்னும் கொஞ்ச நேரம் விட்டுப் பார்க்கலாமா?" என்றார் நுன்சியோ.

அசுந்தா ஏதோ சொல்ல வந்து நிறுத்திக்கொண்டார். "சரி, மூடியைப் போடுங்க."

பாஸ்தாவைப் பிரட்டும்போது இலாரியா கொஞ்சினாள். "கொஞ்சூண்டு சீஸ் போட்டா என்ன ஆயிடும், சிஞோரா?"

"கடல் கோவிச்சுக்கும்!"

நுன்சியோ அன்று முதன்முறையாகச் சிரித்தார். "எங்கப்பாவும் இதையேதான் சொல்வார். மீன் பிடிக்கிறவர். சிப்பி மேல சீஸ் பட்டா தட்டைப் பிடுங்கிடுவார். எனக்கோ சீஸ் இல்லாம சோறே இறங்காது. அப்பா அந்தப் பக்கம் திரும்பறப்போ, அக்கா ஒளிச்சு வெச்சிருக்கறதை எடுத்து என் தட்டுல தூவிடுவா. மாட்டிக்கிட்டு எனக்காக அடியும் வாங்கியிருக்கா."

"எவ்வளவு நல்ல அக்கா!" என்றாள் இலாரியா.

"புத்தி கெட்டவ," என்றார் அசுந்தா. "அப்படிச் செல்லம் கொடுத்துதான் தலைக்கு மேல ஏறியிருக்கீங்க."

நுன்சியோ ஆமாம் என்று தலையை ஆட்டினார்.

கடைசியில் அவரவர் தட்டிலிருந்து அசுந்தா ருசி பார்த்துச் சொல்வது அந்த வீட்டு வழக்கம். "ஈவோ, பரவாயில்ல. இலாரியா, உன்னை நம்பி உன் புருஷன் பட்டினி கிடக்க மாட்டான்." இருவரும் தட்டோடு படம் எடுத்துக்கொள்ளப் பால்கனிக்கு ஓடினார்கள்.

நுன்சியோ தன் தட்டை மேசை மேல் மெல்லத் தள்ளினார். "இது... நீங்க இன்னும் பார்க்கலையே."

அசுந்தா வெகுநேரம் தட்டையே பார்த்தார். பிறகு முள்கரண்டியில் சுற்றி ஒரு வாய் எடுத்துக்கொண்டார். மென்றார். "உப்பு கம்மி," என்றார். ஆனால் நிறுத்தவில்லை. இன்னொரு வாய், அதற்கு மேல் இன்னொன்று. பாதித் தட்டு காலியாகிவிட்டது. நுன்சியோ முகத்தைத் துடைத்துக்கொண்டே இருந்தார்.

அசுந்தா மிச்சத்தை அவர் பக்கம் நகர்த்தினார். ஏப்ரன் பையிலிருந்து, காலையிலேயே துருவி மடித்து வைத்திருந்த சீஸ் பொட்டலத்தை எடுத்து, மேசைக்கடியில் பிரித்து, அவர் தட்டில் அவசரமாகக் கொட்டினார்.

"முழிக்காதடா. அப்பா பார்க்கல, சீக்கிரம் சாப்பிடு."