எல்லர்டைன் குடும்பத்துத் தொகுதி

தேவாலயத்துக்குப் பின்னால் எட்வின் எல்லர்டைனின் குழிமேல் ஈர மண்ணைத் தள்ளிக்கொண்டிருக்கிறார்கள். நவம்பர் வெயில் கல்லறைகளின் உச்சியை மட்டும் தொட்டுவிட்டு நழுவுகிறது. மூத்தவன் போரில் போனான். நாடாளுமன்ற உறுப்பினராக இருந்த இந்த இளையவன், காட்டுக்குள் தன் துப்பாக்கியாலேயே போனான். "துடைக்கும்போது வெடிச்சிடுச்சு" என்று வருகிறவர்களிடமெல்லாம் ஒரே குரலில் சொல்கிறார் அப்பா, முன்னாள் அமைச்சர். மிச்சமிருக்கும் ஒரே பிள்ளையான ஹெஸ்டர் குழியைவிட்டுக் கண்ணெடுக்காமல் நிற்கிறாள். "இடைத்தேர்தல்ல நீதாம்மா நிக்கணும். உங்க தாத்தா காலத்துலேர்ந்து நம்ம தொகுதி," என்று அப்பா அவள் காதோரம் முணுமுணுக்கிறார். "எட்வின் அண்ணன் தேர்தலே வேணாம்னு அழுதான்ப்பா. நீங்கதான் விடல." "மெதுவாப் பேசு. எல்லாரும் பாக்குறாங்க."

வாசலில் ஊர்க்காரர்கள் தொப்பியைக் கழற்றிக்கொண்டு வரிசையாக நிற்கிறார்கள். அப்பாவின் உள்ளங்கை அவள் முதுகில் பதிந்து மெல்லத் தள்ளுகிறது. முதலில் நிற்கும் வயதான விவசாயியின் கையை ஹெஸ்டர் தன் இரு கைகளாலும் பற்றிக்கொள்கிறாள். "வீட்டம்மாவுக்குக் கால்வலி இப்ப தேவலையா?" என்கிறாள், எட்வின் கேட்கும் அதே கனிவோடு. கிழவர் கண் கலங்குகிறார். அதற்குள் அப்பா அடுத்த ஆளை அவள் பக்கம் நகர்த்துகிறார்.