பயிற்சியாளரின் மனைவி

இரண்டு பெட்டிகளையும் காரில் ஏற்றிக்கொண்டு நோரீன் நேராக ஐஸ் ஹாக்கி அரங்கத்துக்குத்தான் வந்தாள். சொல்லாமல் போவது முப்பது வருடக் குடித்தனத்துக்கு அழகில்லை என்று பட்டது.

கண்ணாடித் தடுப்புக்கு அந்தப் பக்கம் அவள் கணவன் லைல் டெம்சுக்கின் குரல் கூரையில் மோதித் திரும்பியது. "ஏழாம் நம்பர், மட்டையைத் தாழ்த்துடா. பதினெட்டு, தூக்கம் கலையலையா?" இந்த சீசனில் பையன்களைப் பெயர் சொல்லிக் கூப்பிடுவதையே விட்டுவிட்டான்.

துணைப் பயிற்சியாளன் கார்த் அவளைப் பார்த்துவிட்டுப் படியேறி வந்தான். ஒரு காலத்தில் லைலோடு ஒரே தொழில்முறை அணியில் ஆடியவன். தங்கள் ஆட்டக்காரர்களை எவனாவது சீண்டினால், கையுறையைக் கழற்றி எறிந்துவிட்டு அடிதடியில் இறங்குவதுதான் அங்கே லைலின் வேலை. மண்டையில் தையல் விழாத சீசனே கிடையாது.

"என்ன நோரீன், இந்தப் பக்கம்?"

"கால்கரிக்குப் போறேன், அக்கா வீட்டுக்கு. இனிமே வர்றதா இல்ல."

கார்த்தின் முகம் செத்துப்போனது. "அவன்கிட்ட பேசினியா?"

"எங்க பேசுறது? சாப்பிட உக்காந்தா சுவரைப் பாக்குறான். பிள்ளையில்லாத வீடு, நான் பேசினாத்தான் சத்தம். தினமும் நீதான் கொண்டுவந்து விடுற. எங்க குடிச்சீங்கன்னு ஒரு நாளாவது கேட்டிருப்பேனா?"

"நாங்க குடிக்கிறதில்ல, நோரீன்."

"அப்போ அவன் ஏன் காரையே தொடுறதில்ல?"

கார்த் வாயெடுத்தான். அதற்குள் கீழே விசில் ஊதிவிட்டது. "அதை அவனே உன்கிட்ட சொல்லணும்" என்று முனகிவிட்டு, ஐஸில் சிதறிக் கிடந்த ரப்பர் வட்டுகளைப் பொறுக்க இறங்கிப் போனான்.

'நீ ஹாக்கியைத்தான் கட்டிக்கிட்ட, அதோடயே இரு.' வழியெல்லாம் சொல்லிப் பார்த்துக்கொண்டு வந்த பேச்சு அவள் நாக்கு நுனியில் நின்றது.

லைல் ஸ்கேட்டுகளைக் கழற்றிவிட்டு, கெட்டுப்போன முழங்காலைத் தாங்கித் தாங்கிப் படியேறினான். பாதி வழியில் அவளைப் பார்த்தான். பார்த்ததும் சிரித்தான்.

அந்தச் சிரிப்பை வீட்டில் பார்த்து எத்தனை மாதமாயிற்று. வா என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும், பெட்டிகளைத் திருப்பிக் கொண்டுபோய் இறக்கிவிடலாம் என்று நோரீனுக்குத் தோன்றியது.

அவன் எதிரே வந்து நின்றான். தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டான்.

"வாங்கம்மா. நீங்க எந்தப் பையனோட அம்மா?"