எப்சிபாவுக்கு நாற்பத்தெட்டு வயது

"அந்த அமெரிக்கக் கிழவியின்ர கதையை மட்டும் எடுத்துப்போடாதை, சொல்லிப்போட்டன்," என்றார் அருளம்பலம்.

"கேட்டால்?" என்றாள் மகள் ஆர்த்திகா.

"ஏன் கேக்கப்போகினம்? உன்னைப் பாக்கத்தான் வருகினம். உன்ர படிப்பைப் பாக்க இல்லை."

ஆர்த்திகா ஓவியமும் ஓவிய வரலாறும் படித்தவள். நூற்றைம்பது வருடங்களுக்கு முன் வாழ்ந்த எப்சிபா லோறிங் என்ற அமெரிக்க ஓவியரைப் பற்றி ஆய்வு செய்திருந்தாள். அந்த எப்சிபாவால் இதுவரை இரண்டு சம்பந்தங்கள் குழம்பியிருந்தன.

நேற்று சிவநேசம் என்றொரு அம்மா தொலைபேசியில், "உங்கட மகளை ஒருக்கால் வந்து பாக்கலாமோ?" என்று கேட்டார். தாய் தவமலர் தொலைபேசியை வைத்த கையோடு ரவை வறுக்கத் தொடங்கிவிட்டார்.

பார்க் எக்ஸ்டென்ஷன் பகுதியில் மூன்றாம் மாடி வீடு. சிவநேசம் தனியாகவே ஏறி வந்தார். அறுபது வயதிருக்கும். சப்பாத்தில் இருந்த பனியைத் தட்டிவிட்டு, மூச்சு அடங்கியதும் நேரே ஆர்த்திகாவைப் பார்த்தார்.

"என்ன பிள்ளை படிச்சனீர்?"

"கொம்பியூட்டரும் படிச்சவ," என்றார் அருளம்பலம்.

"ஓவிய வரலாறு, அன்ரி. எப்சிபா லோறிங் எண்டு ஒரு ஓவியரைப் பற்றி..."

தவமலர் அவசரமாகக் கேசரித் தட்டை நீட்டினார். சிவநேசம் அதை வாங்கி மடியில் வைத்துக்கொண்டார்.

"அவ எத்தினை வயசிலை படம் கீறத் தொடங்கினவ?"

"நாப்பத்தெட்டிலை. அதுவரைக்கும் பண்ணையிலை மாடு பாத்து, அஞ்சு பிள்ளையளை வளர்த்தவ. பிறகு படம் கீறவெண்டு பொஸ்ரன் நகரத்துக்கு வெளிக்கிட்டிட்டா."

"புருஷன்?"

"வீட்டிலைதான்."

"அப்ப ஆர் சமைச்சது?"

அருளம்பலம் கண்ணை மூடிக்கொண்டார்.

"அவரேதான். முதல் வருஷம் நல்லா மெலிஞ்சுபோனாராம்."

சிவநேசம் தலையசைத்தார். அது எந்த விதமான தலையசைப்பு என்று தவமலருக்குப் பிடிபடவில்லை.

"அக்கா, தம்பி என்ன வேலை..."

"பொறுங்கோ தங்கச்சி, பிள்ளை சொல்லி முடியட்டும். அவவைப் படம் கீறுற பள்ளிக்கூடத்திலை சேத்தவையோ?"

"இல்லை அன்ரி. பொம்பிளையளுக்கு இடமில்லை எண்டிட்டினம். அவ கப்பல் கப்டன்மாரை இருத்திவைச்சுக் கீறிப் பழகினவ. முதல் கப்டன், இது நானில்லை எண்டு படத்தைத் திருப்பி அனுப்பிப்போட்டார்."

"பிறகு?"

"அவற்ர மனிசி வந்து, இதுதான் அவர் எண்டு வாங்கிக்கொண்டு போட்டா."

சிவநேசம் சிரிக்கவில்லை. ஏதோ மனக்கணக்குப் போடுகிறவர் போல் இருந்தார்.

"கடைசி மட்டும் கீறினவவோ?"

"எண்பது வயசு மட்டும். கை நடுங்கத் தொடங்கின பிறகு கீறின படங்களைத்தான் இப்ப மியூசியங்களிலை வைச்சிருக்கினம்."

"வீட்டை விட்டிட்டு வந்ததுக்கு அவ கவலைப்படேல்லையோ?"

ஆர்த்திகா தகப்பனைப் பார்த்தாள். முன்னைய இரண்டு சம்பந்தங்களும் குழம்பியது இந்தக் கேள்வியில்தான். அருளம்பலம் கண்ணாலேயே கெஞ்சினார். ஆனாலும் எப்சிபாவைப் பற்றிப் பொய் சொல்ல அவளுக்கு மனம் வரவில்லை.

"இல்லை அன்ரி. பிந்தி வந்ததுக்குத்தான் கவலைப்பட்டவ."

சிவநேசம் கேசரியைத் தொடாமல் அப்படியே மேசையில் வைத்தார். இதுவும் முடிந்தது என்று தவமலர் நினைத்துக்கொண்டார்.

அருளம்பலம் தொண்டையைச் செருமினார். "அக்கா, பிள்ளை சும்மா கதைக்கிறா. கலியாணம் எண்டு வந்தால் உதெல்லாத்தையும் விட்டிடுவா. உங்கட மகன்ர சாதகத்தை..."

"எந்த மகன்?" என்றார் சிவநேசம். "எனக்கு ரெண்டும் பொம்பிளைப் பிள்ளையள். ரெண்டும் கலியாணம் முடிச்சுப் போட்டுதுகள்."

"அப்ப என்னத்துக்கு அக்கா பிள்ளையைப் பாக்க வந்தனீங்கள்?" என்றார் தவமலர்.

"போன கிழமை பிள்ளை எப்சிபாவைப் பற்றி நூலகத்திலை பிரெஞ்சிலை கதைக்கேக்கை நான் பின்வரிசையிலை இருந்தனான். பாதிதான் விளங்கினது, மிச்சத்தைக் கேக்கத்தான் வந்தனான்," என்ற சிவநேசம் ஆர்த்திகாவின் பக்கம் திரும்பினார். "நான் படம் கீறப் பழகவேணும். எப்ப தொடங்கலாம், ரீச்சர்?"