கொடைக்கானல் மொய்

"கல்யாணத்துக்கு வர்ற சனத்துக்கிட்ட, மலைக்குப் போகணும் காசு குடுங்கன்னு கையேந்துவியாடா? தூ! இந்தக் குடும்பத்துக்கு இம்புட்டுத்தான் மருவாதியா?"

பாண்டியம்மாளின் குரல் திண்டுக்கல் ரோட்டில் போகிற பஸ்ஸுக்கும் கேட்டிருக்கும். எதிர்வீட்டு ஒச்சாயி, புடைத்துக்கொண்டிருந்த அரிசியை முறத்தோடு கீழே வைத்துவிட்டு வாசலுக்கு வந்தாள். விளாங்குடியில் எந்த வீட்டுச் சண்டையிலும் அவளுக்கு முதல் வரிசை வேண்டும்.

அச்சாபீசிலிருந்து பிழை பார்க்க வந்திருந்த கல்யாணப் பத்திரிகைதான் காரணம். மாப்பிள்ளை முத்திருளன், மின்வாரியத்தில் கிளார்க், கடைசியில் ஒரு வரியைத் தானே சேர்த்திருந்தான்: 'குடம், கடிகாரம் போன்ற பரிசுகளைத் தவிர்த்து, மணமக்களின் கொடைக்கானல் தேனிலவுக்கு உதவ வேண்டுகிறோம்.'

எண்பத்தொன்றாம் வருஷத்து விளாங்குடியில் தேனிலவு என்பது சினிமாக்காரர்கள் செய்கிற காரியம். அதற்கு மொய் கேட்பது சினிமாவிலும் நடக்காத காரியம்.

"நாலு நாளுதான் ஆத்தா," முத்திருளன் கெஞ்சினான். "ரெண்டு ரூமுக்குள்ள பதிமூணு பேரு படுத்துக் கெடக்கோம். கட்டிக்கிட்டு வர்றவகூட தனியாப் பேச வேணாமா? சம்பளக் கவரைப் பிரிக்காம அய்யாகிட்டக் குடுக்குறேன். எங்கையில ஏது காசு?"

"பேசுறதுக்கு எதுக்குடா மலை? உங்க மதினி தங்கப்பொண்ணு இந்த வீட்டுக்கு வந்து ஏழு வருசமாச்சு. பேசிக்கிட்டா இருக்கா? மாவாட்டிக்கிட்டு இருக்கா. செத்தா போயிட்டா?"

உள்ளே ஆட்டுரல் சத்தம் ஒரு கணம் நின்று, மறுபடி ஓடியது.

அப்பா விருமாண்டி அதுவரை கண்ணாடி முன் மீசையை ஒதுக்கிக்கொண்டிருந்தார். அப்படியொரு வரி இருப்பதே அவருக்கு அப்போதுதான் தெரியும். முகம் கறுத்தது. கிழித்துப் போடத்தான் கையை நீட்டினார் என்று ஒச்சாயி பிற்பாடு அடித்துச் சொன்னாள். ஆனால் பாண்டியம்மாள் முந்திக்கொண்டாள்.

"அச்சாபீசுக்கு நானே போயி அந்த வரியை எடுக்கச் சொல்லிட்டு வாரேன்!"

"எடுக்கச் சொல்ல நீ யாருடி?" விருமாண்டி திரும்பினார். "நாந்தான் போடச் சொன்னேன். எம்மகன் மலைக்குப் போவான். ஊரே பாக்கட்டும்!"

விருமாண்டி அப்படித்தான். பெண்டாட்டி பேச்சைக் கேட்டு நடந்தார் என்று ஒருவன் சொல்லிவிடக் கூடாது. வருஷா வருஷம் பொங்கலுக்கு, வீட்டுக்கு நீலம் அடிக்கலாம் என்பாள் அவள். அன்றைக்கே போய்ப் பச்சை வாங்கி வந்து அடிப்பார். "பாவம் பாண்டியம்மா மதினி" என்று ஒச்சாயி தெரு முழுக்கப் பரிதாபப்பட்டு முடித்திருந்தாள்.

கல்யாணத்தன்று மைக்கில் மொய் வாசித்தார்கள். "நாகமலை புதுக்கோட்டை பேச்சிமுத்து, கொடைக்கானல் மொய் இருபத்தொண்ணு!" பந்தியில் சோற்றை வாயில் வைத்தவனெல்லாம் சிரித்தான்.

காய்கறி வியாபாரி பேச்சிமுத்து விருமாண்டியின் தோளைத் தொட்டார். "மச்சான், எம்மகன் கல்யாணத்துக்கு நீங்க இதைத் திருப்பிச் செய்யணும்ல? அவனையும் மலையேத்தி விடுவீகளா?"

"கழுதை, நானே ஏத்தி விடுறேன்யா!" என்றார் விருமாண்டி, பெண்டாட்டி காதில் விழும்படி. அவள் எழவு வீட்டில் உட்கார்ந்த மாதிரி கன்னத்தில் கை வைத்திருந்தாள்.

கிளம்புகிற அன்றும் பாண்டியம்மாள் விடவில்லை.

"நாலு நாளு. அஞ்சாம் நாள் வாசல்ல நிக்கணும்."

"ஒரு வாரம் இருந்துட்டு வாடா!"

"ஒரு வாரமா? புது மருமக இல்லாம இந்த வீட்டுல யாரு ஒலை வைக்கிறது?"

"பத்து நாளு! போடி உள்ள!"

ஒச்சாயி தானாக வந்து ஒரு சாக்கு மூட்டையைத் தூக்கிக்கொண்டாள். பிரியம் ஒன்றுமில்லை, உள்ளே என்ன இருக்கிறது என்று தெரிய வேண்டும். பஸ் நிறுத்தத்தில் இறக்கியபோது சாக்கின் ஓரத்தில் அரிவாள்மணையின் மூக்கு நீட்டிக்கொண்டிருந்தது.

"மதினி, தேனிலவுக்கு அருவாமனை எதுக்கு?"

"மலையில பழம் மலிவாம்ல. நறுக்கித் திங்கட்டும்." பாண்டியம்மாள் அதை உள்ளே தள்ளினாள்.

"அடியில இட்லிச் சட்டியும் கெடக்கே?"

"பஸ்ஸு வந்துருச்சு, தூக்கு."

பத்து நாள் போயிற்று. மாசமும் போயிற்று. மலையிலிருந்து முட்டைக்கோஸ் ஏற்றி வந்த பேச்சிமுத்துதான் சேதி சொன்னார்.

"முத்திருளன் தம்பி, கல்யாணத்துக்கு முந்தியே கொடைக்கானல் ஆபீசுக்கு மாத்தல் வாங்கிருச்சாம் மச்சான். வாடகை வீடு. உங்க புது மருமக செல்லத்தாய்ப் புள்ள வாசல்ல உக்காந்து கோசு நறுக்குது. எனக்கு டீயெல்லாம் குடுத்துச்சு."

விருமாண்டி குதித்தார். "எவன்டா அவனை மலைக்கு அனுப்புனது?"

"நான் அன்னைக்கே வேணாம்னு சொன்னேன்," என்றாள் பாண்டியம்மாள். தெருவே அதற்குச் சாட்சி.

அடுத்த தையில் கடைசி மகன் காளைக்குக் கல்யாணம். வேன் ஓட்டுகிறவன். பத்திரிகை அச்சுக்குப் போகுமுன்பே சத்தம் கிளம்பிவிட்டது.

"இவனும் ஊட்டி கீட்டின்னு கெளம்புனான், நான் கெணத்துல விழுந்துருவேன்!"

"போவான்டி!" என்று உள்ளேயிருந்து பதில் வந்தது.

ஒச்சாயி ஒரு செம்புத் தண்ணீரோடு ஓடினாள். "எதுக்கு மதினி தொண்டை வத்தக் கத்துறீக? நீலம் கேட்டு நீலம் அடிச்சாரா அந்த மனுசன்?"

பாண்டியம்மாள் தண்ணீரை நிதானமாகக் குடித்தாள். முந்தானையால் வாயைத் துடைத்துக்கொண்டு, புதிதாகப் பச்சை அடித்திருந்த சுவரைப் பார்த்தாள்.

"நீலம் யாருக்கு வேணும் ஒச்சாயி? எனக்குப் பச்சைதான் பிடிக்கும்."

காளை இப்போது ஊட்டியில் இருக்கிறான். அந்தக் கல்யாணத்துக்கு ஒச்சாயி வைத்த மொய், ஒரு புது அரிவாள்மணை.