அபரஞ்சி வந்த வழி

"இது களவெடுத்த பேர்," என்றாள் கிளி. மைக் அவள் கையில் இருந்ததால் தேவாலயத்தின் நிலக்கீழ் மண்டபம் முழுக்க அது கேட்டது. பின்வரிசையில் வடை தின்றுகொண்டிருந்தவர்கள்கூட நிமிர்ந்து பார்த்தார்கள்.

மேடையில் ஏழு மாதப் பிள்ளையை இடுப்பில் வைத்துக்கொண்டு நின்ற யோகமலருக்கு முகம் சிவந்துவிட்டது. "ஆர் களவெடுத்தது? என்ரை பிள்ளைக்கு நான் வைச்ச பேர்," என்றாள்.

1986 சித்திரை வருடப்பிறப்புக்கு மொன்றியல் தமிழர்கள் கூடி வைத்த போட்டி அது. பெண் பிள்ளைக்கு வைத்திருக்கும் மிக அபூர்வமான பெயருக்குப் பரிசு. பெயரின் பொருளையும் அது வந்த வழியையும் தாய் மேடையேறிச் சொல்ல வேண்டும். மொன்றியல் பக்கம் வேறெந்தத் தமிழ்ப் பிள்ளைக்கும் அந்தப் பெயர் இருக்கக் கூடாது. பரிசாக மேற்சட்டை, காற்சட்டை, தொப்பி, கையுறை எல்லாம் சேர்ந்த ஒரு பனிக்கால உடுப்பு காத்திருந்தது.

நடுவர் அரியரத்தினம் மாஸ்டர். ஊரில் தமிழ் படிப்பித்தவர், இப்போது சென்ட் லோரன்டில் ஒரு தொழிற்சாலையில் பெட்டி கட்டுகிறார். வாரத்தில் ஆறு நாள் அடக்கி வைத்திருந்த தமிழை எல்லாம் அன்று ஒரே நாளில் கொட்டிக்கொண்டிருந்தார்.

யோகமலருக்கு உடுப்புப் பெரிதில்லை. அவளுக்கு இரண்டு வருடம் முந்தியே கனடா வந்துவிட்ட கணவன் விமலநாதனுக்கு மகளின் பெயர் பிடிக்கவே இல்லை. தன் தாயின் பெயரான ஞானாம்பிகையை வை என்று பிள்ளை பிறந்த நாள் முதல் நச்சரிக்கிறான். இந்தப் போட்டியில் வெல்லாவிட்டால் இன்றிலிருந்து பிள்ளை ஞானாம்பிகைதான் என்று வரும் வழியில் மெத்ரோ ரயிலில் வைத்தே சொல்லிவிட்டான். மகளைக் கூப்பிடும்போதெல்லாம் மாமியார் வந்து எதிரே நிற்பாரே என்பதுதான் யோகமலரின் கவலை.

ஆரம்பம் என்னவோ நன்றாகத்தான் இருந்தது. மாஸ்டர் பட்டியலைப் பார்த்து "அபரஞ்சி" என்று கூப்பிட்டார். "யெஸ் சேர்," என்று யோகமலர் விறைப்பாக எழும்பிய வேகத்தில் மடியில் இருந்த பிள்ளை விழப் பார்த்தது. அவர் கூப்பிட்டது பிள்ளையைத்தானே என்று பக்கத்தில் இருந்தவர்கள் சிரித்தார்கள்.

பொருள் கேட்டதும், புடம் போட்ட சுத்தத் தங்கம் என்று பாடமாக்கி வந்ததை ஒப்புவித்தாள். எங்கிருந்து வந்த பெயர் என்றபோது மட்டும் கொஞ்சம் தடுமாறி, யாழ்ப்பாணத்தில் இருந்த தன் பூட்டியின், அதாவது அம்மம்மாவின் தாயின் பெயர் என்றாள். பிறகு கேட்காமலே ஒன்றைச் சேர்த்துச் சொன்னாள்.

"இந்தப் பேர் இல்லாட்டி நான் இண்டைக்கு உயிரோட இஞ்ச நிண்டிருக்க மாட்டன்."

பூட்டி இல்லாமல் பூட்டப்பிள்ளை ஏது என்று சபை கைதட்டியது.

அப்போதுதான் கிளி எழுந்து போய் மைக்கைப் பறித்தாள். மட்டக்களப்புக்காரி, ஆற்றுக்கு அக்கரையில் இருக்கும் லொங்குய்யிலிருந்து முதல்முறையாக இந்தப் பக்கம் வந்தவள். தன் மகளுக்கு இரண்டு வயது, அவள் பெயரும் அபரஞ்சி, அது தங்கள் ஊர்க் கோயில் மணியில் பொறித்திருக்கும் பெயர் என்று ஒரே மூச்சில் சொன்னாள். "எங்கட மணியில இரிக்கிற பேர் உங்கட பூட்டிக்கு எப்படி வந்த?" என்றாள்.

முன்வரிசையில் விமலநாதன் கால் மேல் கால் போட்டுக்கொண்டான். தாய்க்குக் கடிதம் எழுதுவதுகூட மனதுக்குள் தொடங்கியிருக்க வேண்டும், அப்படியொரு புன்னகை.

மாஸ்டருக்குத் தர்மசங்கடம். இரண்டு பேரையும் கோப்பி போடும் அறைக்குள் போய்ப் பேசித் தீர்த்துக்கொண்டு வரச் சொன்னார். கதவு மூடியதும் சத்தம் உயர்ந்தது, பிறகு சட்டென்று அடங்கியது. அடுத்து ஒரு கோப்பை விழுந்து உடைந்தது. பொலிசைக் கூப்பிடலாமா என்று யாரோ கேட்டார்கள்.

ஐந்து நிமிடத்தில் கதவு திறந்தது. ஒருவர் தோளில் ஒருவர் சாய்ந்து, கண்ணில் நீர் முட்டச் சிரித்துக்கொண்டு இருவரும் வெளியே வந்தார்கள். பரிசை யோகமலரின் பிள்ளைக்கே கொடுக்கச் சொன்னாள் கிளி. இல்லை, கிளியக்காவின் பிள்ளைதான் மூத்தவள், அவளுக்கே கொடுங்கள் என்றாள் யோகமலர். உள்ளே என்ன நடந்தது என்று கேட்டால் மறுபடியும் சிரிப்புத்தான் வந்தது.

மாஸ்டருக்கோ புல்லரித்தது. யாழ்ப்பாணத்தில் ஒரு பூட்டி, மட்டக்களப்பில் ஒரு மணி, இரண்டிலும் ஒரே பெயர். நம் எல்லோருக்கும் அபரஞ்சி என்றொரு ஆதித்தாய் இருந்திருக்கிறாள் என்று மைக்கில் முழங்கினார். பரிசு பெயருக்கே என்று தீர்ப்புச் சொல்லி, மேற்சட்டையைக் கிளியிடமும் காற்சட்டையை யோகமலரிடமும் கொடுத்தார். ஞானாம்பிகையின் கதை அத்தோடு முடிந்தது. விமலநாதன் காலைக் கீழே இறக்கினான்.

அந்த நேரம் பார்த்து ஒரு இளம்பெண் மூச்சு வாங்க உள்ளே வந்தாள். பெயர் கௌரி, திருகோணமலை. பிறந்து நாற்பது நாள்கூட ஆகாத பிள்ளையைக் கம்பளியில் சுற்றி வைத்திருந்தாள். பஸ் பிந்திவிட்டது, போட்டி முடிந்துவிட்டதா என்று கேட்டாள்.

பிள்ளையின் பெயர் என்ன என்றார் மாஸ்டர்.

"அபரஞ்சி."

மாஸ்டர் அப்படியே கதிரையில் உட்கார்ந்துவிட்டார். மூன்று மாவட்டம், ஒரே தாய், இதை ஆராய்ந்து ஒரு புத்தகமே எழுதப் போகிறேன் என்று கண்ணைத் துடைத்துக்கொண்டு அறிவித்தார். மிச்சமிருந்த தொப்பியும் கையுறையும் கௌரிக்குப் போயின. மண்டபம் எழுந்து நின்று கைதட்டியது.

கிளி மெல்லச் சாய்ந்து யோகமலரின் காதில் சொன்னாள்.

"நம்ம ரெண்டு பேரையும் பிளேன் ஏத்தின அந்த அபரஞ்சிட பாஸ்போட்டிலதான் ஏஜென்சிக்காரன் இன்னும் ஆள் அனுப்புறான் போல."