பாதிப் பல்

மாதா கோயிலில் நண்பகல் மணி அடித்து ஓய்கிறது. மல்பெரி தெருவின் வாடகை அறையில், திறந்த சவப்பெட்டிக்குள் வண்டிக்காரன் மலாக்கி டியர்னி கிடக்கிறான். முந்தாநாள் சந்தில் யாரோ அவனை அடித்துக் கொன்றுவிட்டார்கள். ஜூலை வெயிலில் மெழுகுவர்த்திகள் வளைந்து நிற்கின்றன. பெட்டியை மூட மனைவி நோரா விடவில்லை. அவன் முன்பல்லில் பாதியைக் காணோம். உடைந்த பல்லும் உடலோடு மண்ணுக்குள் போக வேண்டும் என்பது, அயர்லாந்திலிருந்து கப்பலேறி நியூயார்க் வந்த பிறகும் நாங்கள் விடாத வழக்கம். சந்து முழுவதும் கையால் துழாவிவிட்டு வந்திருக்கிறாள். நகங்களில் சேறு காய்ந்திருக்கிறது.

ஃபின்டன் டிவேன் உள்ளே வருகிறான். கூலிக்கு ஆளை அடிப்பவன் என்று எல்லோருக்கும் தெரியும். ஆனாலும் துக்கத்துக்கு வராதவனைத்தான் தெரு சந்தேகப்படும்.

“ஜூலைல கையுறையா? துரை ஆயிட்டியாடா?” என்கிறார் புகைபிடித்துக்கொண்டிருக்கும் கிழவர் ஹானலி. இரண்டு பேர் சிரிக்கிறார்கள். இறந்தவர் நெற்றியை வெறுங்கையால் தொட வேண்டும். ஃபின்டன் இடது கையுறையைக் கழற்றுகிறான்.

“வலது கை, தம்பி,” என்கிறாள் நோரா. அவன் தயங்க, அவளே அந்தக் கையுறையை உருவுகிறாள். விரல் முட்டி பழுத்து வீங்கியிருக்கிறது. பிளந்த தோலுக்குள் வெள்ளையாக ஒரு துணுக்கு தெரிகிறது. சிரித்தவர்களின் வாய் திறந்தபடியே இருக்கிறது. நோரா அந்தக் கையைச் சன்னல் வெளிச்சத்துக்குத் திருப்பி, வெகுநேரம் பார்க்கிறாள்.

“அந்தப் பல்லைக் குடுத்துடு, தம்பி. அவரோட வைக்கணும்.”